மத்தீனா மூன்று தரம் துப்பினாள்

துப்பினாள் என்பது உண்மைதான். அதை அவள் ஒருநாளும் மறுக்கவில்லை. ஒரு துளி எச்சில்கூட வெளியே வரவில்லை என்பதும் உண்மைதான், ஆனால் அதை நம்ப டென்மார்க்கின் ஹேர்னிங்கில் அன்று ஆள் இல்லை. கொரோனாவுக்குப் பிறகு தும்முகிறவனையே கள்ளனைப் பார்ப்பதுபோலப் பார்க்கிற ஊர் இது. கைக்குழந்தையின் முகத்துக்கு நேரே வாயைக் குவித்து மூன்று தரம் "ப்தூ" என்றால், யார் பார்த்தாலும் அது துப்பல்தான்.

அவளுடைய முழுப்பெயர் ஸ்தமாத்தியா. ஊர், கிரேக்கத்தில் வோலோஸ் என்கிற துறைமுகப் பட்டினம். வீட்டில் செல்லமாக மத்தீனா என்று கூப்பிட்டார்கள். டென்மார்க்கில் முழுப்பெயரைச் சொல்ல முயன்ற எல்லாரும் பாதிவழியில் களைத்துப்போனதால் இங்கும் மத்தீனாவே நிலைத்துவிட்டது.

வோலோஸில் அவள் ஒரு கடை வைத்திருந்தாள். ஞானஸ்நான உடுப்புக் கடை. கிரேக்கச் சபையில் ஞானஸ்நானம் என்றால் நெற்றியில் நாலு சொட்டுத் தண்ணீர் தெளித்துவிட்டுப் போகிற காரியம் இல்லை. பிள்ளையை உரிந்து, உடம்பு முழுக்க எண்ணெய் பூசி, அண்டாவுக்குள் மூன்று தரம் முக்கி எடுப்பார்கள். பிள்ளை வீரிட்டு அழும். பிறகு தலை முதல் கால்வரை எல்லாம் புதிதாக உடுத்துவார்கள். அந்தப் புதியதெல்லாம் மத்தீனாவின் கடையில் இருந்தது. லேஸ் வைத்த சட்டை, விரல் நீளத்தில் சப்பாத்து, ரிப்பன் கட்டிய மெழுகுதிரி. பாதியை அவளே தைத்தாள். கடைக்குள் வருகிற ஒவ்வொரு பிள்ளையையும் தூக்கி, அளவெடுத்து, "என்ன வடிவு" என்று சொல்லி, உடனே மூன்று தரம் துப்புவாள். துப்பாமல் விட்டால் தாய்மார் கோபிப்பார்கள். வடிவென்று சொல்லிவிட்டுச் சும்மா விட்டால் கண்ணூறு பட்டுவிடும், பிள்ளை இரவெல்லாம் அழும், காய்ச்சல் வரும். அது அங்கே எல்லாருக்கும் தெரிந்த விஷயம். டாக்டரின் பெண்சாதிக்கும் தெரியும், டாக்டருக்கும் தெரியும்.

பிறகு நாடு நொடித்தது. சனம் ஞானஸ்நானத்தைத் தள்ளிப்போட்டது. தள்ளிப்போட முடியாதவர்கள் மச்சாள் வீட்டுப் பெட்டியிலிருந்து பழைய உடுப்பை எடுத்து உதறி உடுத்தினார்கள். பிள்ளை பெறுவதையே சனம் குறைத்துக்கொண்டபோது மத்தீனா கடையின் இரும்புக் கதவை இழுத்துவிட்டு வீட்டுக்கு வந்தாள். அவளுடைய புருஷன் தாசோஸ் இரும்பு ஒட்டுகிறவன். அவன் வேலை செய்த ஆலையும் அந்த வருடமே மூடியது. முன்னர் கூட வேலை செய்த ஒருவன் ஹேர்னிங்குக்குப் பக்கத்தில் ஒரு தொழிற்சாலையில் ஒட்டுகிறவர்களைத் தேடுகிறார்கள் என்று சொல்ல, தாசோஸ் மாரிகாலத்தில் வந்து சேர்ந்தான். அடுத்த கோடையில் மத்தீனா நாலு வயது மகள் தெஸ்பீனாவைக் கையில் பிடித்துக்கொண்டு வந்தாள்.

வந்த புதிதில் நடந்ததெல்லாம் எல்லாருக்கும் நடப்பதுதான். தன் பெயருக்குரிய புனிதரின் நாளான பெயர்நாளுக்கு வீட்டில் இனிப்புச் செய்து பக்கத்து வீடுகளுக்குக் கொடுத்தாள். தட்டு கழுவித் துடைத்து, நன்றியும் சொல்லி, வெறுமையாகத் திரும்பி வந்தது. வெறுந்தட்டு திரும்பி வருவதை அவள் அதற்கு முன் கண்டதில்லை, இரண்டு நாள் அதையே யோசித்துக்கொண்டிருந்தாள். ஹோட்டலில் கட்டில் விரித்தாள், கண்காட்சி மண்டபம் கூட்டினாள், பின்னேரங்களில் மொழிப் பள்ளிக்கூடத்தில் உட்கார்ந்து டெனிஷ் படித்தாள். டெனிஷில் எல்லாரும் எல்லாருக்கும் "நீ"தான். மேலாளரும் நீ, பாதிரியாரும் நீ. கிரேக்க மொழியில் நம்மைப்போல "நீங்கள்" உண்டு என்பதால், பெரியவர்களை நீ என்று சொல்லும்போதெல்லாம் அவளுடைய குரல் தன்பாட்டில் தாழ்ந்துவிடும். டெனிஷ்காரர்கள் அவளைக் கூச்சக்காரி என்று நினைத்துக்கொண்டார்கள். வோலோஸில் கேட்டிருந்தால் சொல்லியிருப்பார்கள், அவள் கூச்சக்காரியா என்று.

கடைசியில் அவளுக்குப் பிடித்த வேலை கிடைத்தது. கொம்மூன் என்கிற நகரசபை நடத்துகிற குழந்தைகள் காப்பகத்தில், ஆள் வராத நாட்களில் நிரப்புகிற வேலை. நடக்கத் தொடங்கும் வயதுப் பிள்ளைகள். முதல் நாள் மதியம் பிள்ளைகளை இந்த நாட்டு வழக்கப்படி பனியுடுப்புக்குள் திணித்து, தள்ளுவண்டியில் போட்டு, வெளியே உறைகுளிரில் தூங்க வைத்தபோது அவற்றுக்கு மூச்சு வருகிறதா என்று ஓடி ஓடிப் பார்த்தாள். பிள்ளைகள் கன்னம் சிவக்க நிம்மதியாகத் தூங்கின. மூச்சுக் காட்டாமல் பின்னால் வந்து நின்ற ஒரு பெண் சொன்னார்:

"விடு பிள்ளை. நானும் முதல் வருசம் உப்பிடித்தான் ஓடினனான். ஒண்டும் சாகாது."

அவர்தான் விமலராணி. யாழ்ப்பாணத்தில் பாசையூர்க்காரி, கத்தோலிக்கர். அகதியாக வந்தபோது முதலில் ஸ்கீவ என்கிற சின்னப் பட்டினத்தில் விட்டார்கள். பிறகு ஹேர்னிங்கில் துணித் தொழிற்சாலையில் தைத்தார். தொழிற்சாலைகள் மலிவான நாடுகளுக்குப் போனபின் பிள்ளைகள் பக்கம் வந்து, இப்போது காப்பகத்தில் எல்லாரையும்விடப் பழைய ஆள். தொழிற்சங்கப் பிரதிநிதியும் அவர்தான். இரண்டு பேரும் பேசுவது டெனிஷ், ஆனால் நடுவில் வருகிற அந்தப் "பிள்ளை" மட்டும் தமிழ். அதற்கு அர்த்தம் என்ன என்று மத்தீனா கேட்டதில்லை. கேட்கத் தேவையும் இருக்கவில்லை.

இந்த வருடம் தை மாதம் காப்பகத்தில் ஒரு நிரந்தர வேலை காலியானது. மத்தீனா விண்ணப்பித்தாள். அதே மாதம் வோலோஸிலிருந்து தாசோஸின் தம்பி போன் எடுத்தான். அலுமினிய யன்னல் செய்கிற பட்டறை ஒன்று தொடங்குகிறான், அண்ணன் வந்தால் பங்கு, வராவிட்டால் வேறு ஆளைப் பிடிப்பான், ஈஸ்டருக்கு முதல் பதில் வேண்டும். தாசோஸுக்கு அந்த நிமிடமே போய்விட ஆசை. அவனுக்கு இந்த நாட்டின் மழையையும் பிடிக்கவில்லை, மழையில் சிரித்துக்கொண்டு சைக்கிள் ஓடுகிறவர்களையும் பிடிக்கவில்லை. மத்தீனாவுக்குப் போக விருப்பம் இல்லை. அதை வாய்விட்டுச் சொன்னபோது அவளுக்கே ஆச்சரியமாக இருந்தது. கடைசியில் இரண்டு பேரும் ஒரு முடிவுக்கு வந்தார்கள். வேலை நிரந்தரமானால் இருப்பது. இல்லாவிட்டால் கோடை விடுமுறையோடு வோலோஸ். தெஸ்பீனாவிடம் அதைச் சொன்னபோது, பதினாலு வயதுப் பெண், தட்டிலிருந்து தலையை நிமிர்த்தாமல் டெனிஷில் சொன்னாள்:

"நீங்கள் போங்கோ. நான் வரமாட்டன்."

அம்மா கிரேக்கத்தில் கதைப்பாள், மகள் டெனிஷில் பதில் சொல்வாள். அந்த வீட்டில் அது நெடுநாள் வழக்கம்.

இந்த நிலைமையில்தான் ஃபாஸ்தலவ்ன் வந்தது. மாசி மாதத்தில் பிள்ளைகளுக்கு வேஷம் கட்டுகிற கொண்டாட்டம் அது. காப்பகம் முழுக்கப் புலியும் கடற்கொள்ளைக்காரனும் இளவரசியுமாக, பாதிப் பேர் தொப்பி குத்துகிறது என்று அழுதுகொண்டு நின்றார்கள். அல்மா என்கிற குழந்தையைத் தேனீ வேஷத்தில் தகப்பன் கொண்டுவந்து விட்டுவிட்டுப் போனான். மஞ்சளும் கறுப்புமாய்ச் சட்டை, முதுகில் இரண்டு சின்னச் செட்டை, தலையில் ஆடுகிற இரண்டு கொம்பு. போதாக்குறைக்கு அன்றைக்கு முதல் தடவையாக, பிடி இல்லாமல், மத்தீனாவை நோக்கி நாலு அடி தானாக நடந்து வந்து மடியில் விழுந்தது.

மத்தீனா அதைத் தூக்கி உயர்த்தினாள். "என்ரை செல்லம், என்ன வடிவு, என்ன வடிவு" என்றாள் கிரேக்கத்தில். அப்புறம் அவள் ஒன்றும் யோசிக்கவில்லை. வாய் தன் வேலையைப் பார்த்தது. ப்தூ, ப்தூ, ப்தூ.

அல்மா கெக்கட்டமிட்டுச் சிரித்தது. கண்ணாடிக் கதவுக்கு அந்தப் பக்கம், மறந்துபோன வாய்ச்சூப்பியைக் கொடுக்கத் திரும்பி வந்த தகப்பன், யெப்ப என்று பெயர், சூப்பியும் கையுமாக நின்றான்.

அவன் கத்தவில்லை. டெனிஷ்காரர்கள் அநேகமாகக் கத்துவதில்லை, அதுதான் கஷ்டம். உள்ளே வந்து, மத்தீனாவின் கையிலிருந்து பிள்ளையை வாங்கி, முகத்தைத் துடைத்து, பக்கத்தில் நின்ற இன்னொரு பணியாளிடம் கொடுத்துவிட்டு, நேரே மேலாளர் கிர்ஸ்தெனின் அறைக்குப் போனான். துடைத்தான் பாருங்கள், அதுதான் மத்தீனாவுக்குச் சுட்டது. அந்தக் கன்னத்தில் துடைக்க ஒன்றுமே இல்லை.

பின்னேரம் கிர்ஸ்தென் அவளைக் கூப்பிட்டார். நல்ல மனுஷி, நியாயம் பார்க்கிறவர். நடந்ததைக் கேட்டார். மத்தீனா விளக்கப் பார்த்தாள். கண்ணூறுக்கு டெனிஷில் அவளுக்குச் சொல் தெரியவில்லை. "பிள்ளையைக் காப்பாற்றத்தான் துப்பினனான்" என்று சொல்லிவிட்டு, அது காதில் விழுந்த விதத்தைக் கேட்டு அவளே வாயை மூடிக்கொண்டாள்.

"வியாழக்கிழமை இருந்து கதைப்பம். தகப்பனும் வரவேணும் எண்டு சொல்லுறார், முதுகுக்குப் பின்னாலை கதைக்க அவருக்கு விருப்பமில்லையாம். நீ விமலாவைக் கூட்டிக்கொண்டு வரலாம்" என்றார் கிர்ஸ்தென். நிரந்தர வேலை பற்றி அவர் ஒன்றும் சொல்லவில்லை. சொல்லாததே போதுமாக இருந்தது.

விமலராணிக்கு விஷயத்தைச் சொன்னபோது அவர் முதலில் செய்தது சிரிப்பு. பிள்ளைகளின் கைகழுவும் தொட்டியைப் பிடித்துக்கொண்டு, கண்ணில் தண்ணீர் வர, சத்தமில்லாமல் சிரித்தார்.

"தூ தூ எண்டு நீங்களும் துப்புறனீங்களோ?"

"நீங்களுமோ?"

"ஓம் பின்னை. நாங்கள் அதோடை விடுறேல்லை. உப்பும் மிளகாயும் சுத்திப் போடுவம். பங்குச் சுவாமி கண்டால் ஏசுவார், அவருக்குத் தெரியாமல்."

பிறகு சிரிப்பை நிறுத்திவிட்டுத் தன் கதையைச் சொன்னார். அவருடைய மூத்தவன் ஜெனிஸ்ரன் ஸ்கீவவில் பிறந்தபோது, கண்ணூறு படாமல் இருக்கக் கன்னத்தில் பெரிதாகக் கறுத்தப் பொட்டு வைத்திருந்தார். பிள்ளையை நிறுக்க வீட்டுக்கு வந்த தாதி அதை அடிகாயம் என்று நினைத்துவிட்டாள். விமலராணிக்கு அப்போது டெனிஷ் வராது. தாதி பஞ்சை நனைத்துப் பொட்டைத் துடைக்க, அது அழிந்தது. தாதி பஞ்சைப் பார்க்கிறாள், விமலராணியைப் பார்க்கிறாள். அதற்குப் பிறகு தாதி வருகிற நாட்களில் பொட்டு உள்ளங்காலுக்கு இறங்கியது.

"அப்ப என்ன சொல்லுறது வியாழக்கிழமை?" என்று மத்தீனா கேட்டாள்.

"தும்மினனான் எண்டு சொல்லன்."

"பிள்ளையின்ரை முகத்திலையோ?"

விமலராணி யோசித்தார். தும்மல் துப்பலைவிட மோசம். இந்தத் துப்பலிலாவது எச்சில் இல்லை.

"சரி, உள்ளதைச் சொல்லு. நான் எனக்குத் தெரிஞ்சதையும் சொல்லுறன். ஆனால் பிள்ளை, அங்கை இருக்கேக்கை ஆரும் ஆரையும் பற்றி நல்லதாய்ச் சொன்னால், தயவுசெய்து வாயைத் திறந்துபோடாதை. உன்ரை வாய் உன்ரை சொல்லுக் கேக்கிற வாயில்லை. ஒரு பெப்பமின்ற்றைப் போட்டுக்கொண்டு இரு."

வீட்டில் நிலைமை வேறு. தாசோஸ் விஷயத்தைக் கேட்டுவிட்டுத் தோளைக் குலுக்கினான். "முடிஞ்சுது. கடவுளே வழியைக் காட்டிப்போட்டார், தம்பிக்குச் சொல்லுவம்" என்றான். அவன் சந்தோஷப்படவில்லை என்று காட்டுவதற்குப் பட்ட பாடு மத்தீனாவுக்கு நன்றாகத் தெரிந்தது. தெஸ்பீனாதான் வெடித்தாள்.

"அருவருப்பு, அம்மா. நீச்சல் குளத்திலையும் என்ரை சிநேகிதப் பிள்ளையளுக்கு முன்னாலை எனக்குத் துப்பினனீ. அவளவை ஒரு மாசம் பகிடி பண்ணினவளவை. இப்ப உன்ரை துப்பலாலை நான் பள்ளிக்கூடத்தை விட்டிட்டுப் போகோணும். இனித் துப்பமாட்டன் எண்டு சத்தியம் பண்ணு. ஆருக்கும். எனக்கும்தான்."

மத்தீனா சத்தியம் பண்ணினாள். பண்ணும்போது அவளுக்கு அழுகை வந்தது. மகள் தன்னைப் பார்த்து அருவருப்பு என்று சொன்னதற்காக வந்த அழுகை அது. தெஸ்பீனா அதைக் கண்டும் காணாதவள்போலத் தன் அறைக்குப் போய்விட்டாள்.

வியாழக்கிழமை கிர்ஸ்தெனின் அறையில் மேசைமேல் கோப்பி இருந்தது, பிஸ்கட் இருந்தது, ஒரு மெழுகுதிரி எரிந்தது. டென்மார்க்கில் ஆளை வேலையை விட்டு நிறுத்தினாலும் மெழுகுதிரி கொளுத்திவிட்டுத்தான் நிறுத்துவார்கள். ஒரு பக்கம் மத்தீனாவும் விமலராணியும். எதிரே யெப்ப. தச்சுவேலை செய்கிறவன், சிவந்த தாடி, வேலை உடுப்போடு வந்திருந்தான். தூக்கம் கெட்ட முகம். அவனைப் பார்க்க மத்தீனாவுக்குக் கோபம் வரவில்லை. தன் பிள்ளையின் முகத்தில் யாரோ துப்பினால் தானும் வந்திருப்பாள் என்று நினைத்தாள். வாயில் பெப்பமின்ற் இருந்தது.

கிர்ஸ்தென் தொடக்கினார். யெப்பவைச் சொல்லச் சொன்னார். டெனிஷ்காரர்கள் குறை சொல்ல வந்தாலும் முதலில் நல்லதைச் சொல்லித்தான் வருவார்கள். அவர்களுக்கு அப்படித்தான் பழக்கம். யெப்பவும் நல்ல பழக்கம் உள்ளவன். தொண்டையைச் செருமிக்கொண்டு சொன்னான்:

"முதலிலை ஒண்டு சொல்லவேணும். அல்மாவுக்கு இஞ்சை வரச் சரியான விருப்பம். நல்லாய்ச் சாப்பிடுறாள், நல்லாய் நித்திரை கொள்ளுறாள். கிறிஸ்மஸுக்குப் பிறகு ஒரு தடிமன், ஒரு காய்ச்சல் எண்டு படுக்கேல்லை. ஏழு, ஒன்பது, பதின்மூன்று."

அந்த மூன்று எண்களைச் சொல்லிக்கொண்டே வலது கையை மேசைக்குக் கீழே விட்டு, விரல் கணுவால் டொக், டொக், டொக் என்று தட்டினான்.

அதே மூன்று தட்டுக்கு மேலே, ஒன்றன்மேல் ஒன்றாக, மத்தீனாவின் வாயிலிருந்து வந்தது. ப்தூ, ப்தூ, ப்தூ.

பெப்பமின்ற்றும் வந்தது. வெள்ளையாய் மேசையில் விழுந்து, உருண்டு, கிர்ஸ்தெனின் கோப்பிக் கோப்பையில் முட்டி நின்றது.

விமலராணி கண்ணை மூடிக்கொண்டார். யெப்ப மேசையிலிருந்த பெப்பமின்ற்றைப் பார்த்தான். முடிந்தது என்று நினைத்தாள். வோலோஸ், அலுமினிய யன்னல், வரமாட்டன் என்று சொன்ன மகளைக் கையைப் பிடித்து விமானத்தில் ஏற்றுவது, எல்லாம் ஒரே கணத்தில் வந்து போயின. இந்த நாட்டை விட்டுப் போவது தனக்கு இவ்வளவு துக்கமாக இருக்கும் என்று அவள் அந்தக் கணம்வரை அறிந்திருக்கவில்லை.

கிர்ஸ்தென் பெப்பமின்ற்றைப் பார்த்தார். மத்தீனாவைப் பார்த்தார். பிறகு யெப்பவைப் பார்த்தார்.

"யெப்ப, உன்ரை கை எங்கை?"

யெப்ப குனிந்து பார்த்தான். கை இன்னும் மேசைக்குக் கீழேதான் இருந்தது.

"கீழை."

"என்ன செய்யுது?"

"தட்டினனான். பிள்ளை சுகமாய் இருக்கிறாள் எண்டு சொன்னனான் தானே. அப்பிடிச் சொல்லிப்போட்டு ஏழு, ஒன்பது, பதின்மூன்று எண்டு பலகையிலை தட்டாமல் விடேலாது."

"விட்டால்?"

"விட்டால் நாளைக்கே காய்ச்சல்…"

அவன் சொல்லி முடிக்கவில்லை. தாடிக்குக் கீழே கழுத்திலிருந்து சிவப்பு ஏறி, காது வரைக்கும் போனது. பேசுவதற்காக விமலராணியைத்தான் கூட்டிக்கொண்டு வந்திருந்தது, ஆனால் பேசியது மத்தீனா. குரலைத் தாழ்த்தவுமில்லை.

"எனக்கும் அந்தப் பயம்தான். உன்ரை பிள்ளை சரியான வடிவு. வடிவெண்டு சொல்லிப்போட்டுச் சும்மா விட எனக்குப் பயம். அண்டைக்கு அவள் நடந்து வந்தவள். என்னட்டை நடந்து வந்தவள். நான் எப்பிடிச் சும்மா விடுறது?"

"நடந்தவளோ?" என்று யெப்ப கேட்டான். அவனுக்கு அது தெரியாது. அந்தக் குழப்பத்தில் அதை யாரும் அவனுக்குச் சொல்லியிருக்கவில்லை.

"நாலு அடி. பிடி இல்லாமல்."

யெப்பவின் கை தானாக மறுபடி மேசைக்குக் கீழே போய்த் தட்டியது. அவன் அதைக் கண்டுவிட்டு, வேறு வழியில்லாமல் சிரித்தான். தன் தகப்பன் தட்டுவதற்குப் பலகை கிடைக்காத இடத்தில் தன் தலையிலேயே தட்டுவார் என்றான். கிர்ஸ்தென் சிரிக்கவில்லை, ஆனால் பிஸ்கட் தட்டை எல்லாருக்கும் நீட்டினார். விமலராணி தான் சொல்ல நினைத்து வந்த கறுத்தப் பொட்டுக் கதையைச் சொன்னார். அது எதிர்பார்த்ததைவிட நன்றாக எடுபட்டது.

கடைசியில் கிர்ஸ்தென் சட்டத்தைச் சொன்னார். இந்தக் கட்டடத்துக்குள் துப்பல் இல்லை. துளி வந்தாலும் இல்லை, வராவிட்டாலும் இல்லை. "தட்டலாம். தட்டுறதுக்கு இஞ்சை வேண்டிய மேசை இருக்கு" என்றார். மத்தீனா ஓம் என்றாள். பெப்பமின்ற்றைத் தாளில் சுற்றிச் சட்டைப் பையில் போட்டுக்கொண்டாள்.

அடுத்த நாள் காலை யெப்ப அல்மாவைக் கொண்டுவந்தபோது வாசலில் வேறு இரண்டு பணியாளர்கள் நின்றார்கள். அவர்களைத் தாண்டி வந்து, பிள்ளையை மத்தீனாவின் கையில் கொடுத்துவிட்டு, தன் பாட்டில் போனான். அன்று முழுக்க அவளுக்கு வேறு ஒன்றும் வேண்டியிருக்கவில்லை.

ஈஸ்டருக்கு முந்திய கிழமை வேலை நிரந்தரமானது. மேசை தட்டியதாலா, பிள்ளைகள் அவளிடம் ஓடிவருவதாலா என்று கிர்ஸ்தென் சொல்லவில்லை, அவளும் கேட்கவில்லை. தாசோஸ் தம்பிக்குப் போன் எடுத்து வரவில்லை என்றான். வைத்துவிட்டு நெடுநேரம் யன்னலில் மழையைப் பார்த்துக்கொண்டு நின்றான். மத்தீனா அவனுக்குப் பிடித்த அவரைச் சூப்பை வைத்துக் கொடுத்தாள். அவன் இரண்டு கோப்பை குடித்தான். அவனுக்கு அது இழப்புத்தான், அதை அவள் சின்னதாக்கிப் பேசப் போகவில்லை.

வேலையில் அவள் சொல் தவறவில்லை. பிள்ளையைத் தூக்குவாள், வடிவென்பாள், உடுப்பு மாற்றும் மேசையின் அடியில் மூன்று தரம் தட்டுவாள். மற்றப் பணியாளர்களுக்கும் அது பழகிவிட்டது. ஆனாலும் தட்டுவது கையின் வேலையாகத்தான் இருந்தது, பயம் வாயிலேயே தங்கிவிட்டது. வீட்டில் அதுவும் இல்லை. தெஸ்பீனாவுக்குச் சத்தியம் பண்ணியிருந்ததால் அவளை வடிவென்று சொல்வதையே மத்தீனா விட்டுவிட்டாள். சொல்லிவிட்டுக் காவல் இல்லாமல் விடுவதைவிடச் சொல்லாமல் இருப்பது நல்லது என்று அவளுக்குப் பட்டது. ஈஸ்டருக்கு மகள் தலைமயிரை வெட்டிக்கொண்டு வந்தபோதும், ஹாண்ட்போலில் கோல் அடித்தபோதும், "நல்லது" என்று மட்டும் சொன்னாள்.

வைகாசியில் தெஸ்பீனாவின் வகுப்புத் தோழி ஒருத்திக்கு உறுதிபூசுதல் விருந்து. பதினாலு வயதில் கோயிலில் செய்கிற சடங்கு, டெனிஷ் வீடுகளில் அது கலியாணம் மாதிரி. மத்தீனா கடையை மூடியபோது கொண்டுவந்த லேஸ் இன்னும் கொஞ்சம் பெட்டியில் இருந்தது. அதை வைத்து மகளுக்கு இளநீலத்தில் ஒரு சட்டை தைத்தாள். அன்று காலை தெஸ்பீனா அதைப் போட்டுக்கொண்டு அறையிலிருந்து வெளியே வந்தபோது தாசோஸ் கோப்பியைக் கீழே வைத்தான். பிள்ளை அப்படி இருந்தாள். மத்தீனாவுக்கு நெஞ்சு நிறைந்து வாய்வரை வந்தது. உதட்டைக் கடித்துக்கொண்டாள்.

"நல்லாயிருக்கு. பிந்தாமல் போ" என்றாள்.

தெஸ்பீனா கதவைச் சாத்திவிட்டுப் போனாள். படியில் இறங்கும் சத்தம் கேட்டது. கீழே சைக்கிள் பூட்டுத் திறக்கும் சத்தமும் கேட்டது. பிறகு படியில் மறுபடி காலடி, இந்தத் தரம் ஏறி வந்தது. எதையோ மறந்துவிட்டாள் என்று மத்தீனா நினைத்தாள். கதவு திறந்தது. தெஸ்பீனா உள்ளே வராமல் வாசலிலேயே நின்றாள்.

"அம்மா, நீ எனக்கு ஒண்டும் செய்யேல்லை" என்றாள். டெனிஷில் அல்ல, கிரேக்கத்தில்.

"என்ன செய்யேல்லை?"

"உனக்குத் தெரியும். நான் இண்டைக்கு வடிவு எண்டு எனக்குத் தெரியும், அப்பாவின்ரை முகத்திலை பாத்தனான். நீ ஒண்டும் செய்யாமல் விட்டால் எனக்குப் பயமாயிருக்கு. சைக்கிள்ளை வேறை போறன்."

"சத்தியம் பண்ணினனான் எல்லே."

"அதை நான்தான் கேட்டனான். இப்ப நான்தான் வேண்டாம் எண்டிறன். கெதியாய்ச் செய், பிந்துது."

கன்னத்தைத் திருப்பிக் காட்டிக்கொண்டு நின்றாள். மத்தீனா கிட்டப் போனாள். மாசியிலிருந்து சொல்லாமல் வைத்திருந்ததையெல்லாம் சேர்த்து, என்ரை செல்லம், என்ன வடிவு, என்ன வடிவு என்று சொல்லி, மூன்று தரம் துப்பினாள். இந்த முறை எச்சில் கொஞ்சம் உண்மையாகவே தெறித்தது, அழுகிறவளுக்கு வேறு எப்படி வரும். தெஸ்பீனா அதைத் துடைக்கவில்லை. அப்படியே படியிறங்கி, சைக்கிளில் ஏறிப் போனாள்.